பவுலின் சேர்த்த தூறல்

பேருந்து நடத்துநராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். பெயர் ஞானசேகர். காரைக்குடியிலிருந்து எந்த வண்டி எப்போது கிளம்பும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். நேரம் தவறினால் எனக்குச் சுள்ளென்று கோபம் வரும். அப்படிப்பட்டவனுக்கு நேரத்தையே நெய்கிற ஒருத்தி மனைவியாக வாய்த்தாள் பாருங்கள், கர்த்தருக்கும் குசும்புதான்.

கண்டனூரில் நீலாயதாட்சி ஆச்சியின் பெரிய வீட்டை என் மனைவி பவுலின்தான் பார்த்துக்கொள்கிறாள். ஆச்சி குடும்பம் சென்னையில். கல்யாணம், காட்சி என்றால்தான் வருவார்கள். அந்த வீட்டுப் பின்கட்டில் பர்மாவிலிருந்து கப்பலில் வந்த சின்னத் தறி ஒன்று இருக்கிறது. அதில் நெடுக்கே ஓடும் நூல் நேரம். குறுக்கே ஓடுவது மழையும் வெயிலும் காற்றும்.

ஆச்சி வீட்டு முற்றம் வானத்தைப் பார்த்துத் திறந்து கிடக்கும். தாலி கட்டித் திருப்பூட்டும் வேளையில் மழை கொட்டினால் மாப்பிள்ளை தொப்பலாக நனைந்துவிடுவார். அதனால் முதல் நாளே பவுலின் தறியில் உட்கார்ந்து, மறுநாள் பெய்யப்போகிற மழையை, அது பெய்யும் நேரத்தோடு சேர்த்துத் துணியாக நெய்து எடுத்துவிடுவாள். கண்மாய்க் கரையில் போய் உதறினால் அந்த மழை அங்கே பெய்யும். கல்யாண நாள் கொஞ்சம் குறைந்துபோகும்தான். கல்யாண வீட்டில் அதையெல்லாம் யார் கவனிக்கிறார்கள்? நான் வேலையில் இருந்தவரை என் வண்டிதான் லேட்டாகும், திட்டு வாங்குவது நான்!

துணியை அறுத்து எடுத்த பிறகு தறியில் ஒரு விரற்கடைத் துணி மிஞ்சும். ஆச்சிமார் எதையும் தூர எறிய மாட்டார்கள்.

"அது நெய்யுறவளுக்கு உள்ளது பவுலினு, எடுத்துக்க" என்பார் ஆச்சி. தலைமுறை தலைமுறையாக அந்த வீட்டு வழக்கம் அது.

கல்யாணத்துக்கு ஒரு துண்டு. ஒவ்வொன்றிலும் கொஞ்சம் தூறல், கொஞ்சம் நேரம். அதையெல்லாம் ஒட்டுப்போட்டுத் தைத்து, பிஸ்கட் டப்பாவில் வைத்திருந்தாள். காளையார்கோவில் பக்கம் எங்கள் வயல் காய்ந்து கிடந்த வருஷம், அதைக் கொண்டுபோய் உதறச் சொன்னேன்.

"அது தம்பிக்கு. சும்மா இருங்க" என்று ஒரே போடாகப் போட்டாள்.

தம்பி என்பது எங்கள் மகன் சகாய ஆண்டனி. குவைத்தில் எண்ணெய் ஆலையில் இரவு வேலை. போனில் பேசத் தொடங்கும்போதே கொட்டாவி விடுவான். பாதிப் பேச்சில், "வச்சிரட்டுமாம்மா?" என்பான். இவளும், "வச்சிரு தம்பி" என்பாள். பிறகு அடுப்படியில் நின்று மூக்கைச் சிந்துவாள்.

"அவன் வர்றப்ப இதை விரிச்சா கடிகாரம் நின்னுரும்ல? ஆச தீரப் பேசிக்கிருவேன்" என்பாள். பார்த்து வைத்திருக்கும் பெண்ணைப் பற்றி, மாதா கோயில் கொடியேற்றத்தைப் பற்றி, என்னைப் பற்றிய புகார்கள் என்று அவளிடம் சொல்ல ஒரு மூட்டை இருந்தது.

போன மாதம் வந்தான். கம்பெனி வேலையாகச் சிங்கப்பூர் போனவன், திருச்சியில் இறங்கி ஒரு பகல் மட்டும். மூன்று மணிக்கு மறுபடி கார். கோழிக்குழம்பை நாலு கவளம் சாப்பிட்டான். "அஞ்சு நிமிசம்மா" என்று வெறும் தரையில் சாய்ந்தான். அவ்வளவுதான்.

கரண்டும் போய்விட்டது. வியர்த்து ஊற்ற, தூக்கத்திலேயே கையைக் காலைத் தூக்கிப் போட்டான். கண்ணுக்குக் கீழே கரி அப்பியதுபோல் இருந்தது. எப்போது எழுவான் என்று பவுலின் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். வாசலில் டிரைவர் மருதுவின் வாடகைக் கார் வந்து ஹாரன் அடித்தது.

எனக்குப் பொறுக்கவில்லை. "எழுப்புடி! எப்பப் பேசப்போற?" என்று அவன் தோளில் கை வைத்தேன்.

"தொடாதீக" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். மற்றொரு கையால் டப்பாவைத் திறந்தாள்.

"அடி பைத்தியக்காரி, அது ஒரு தடவதான விரியும்? பேசத்தான சேத்த?"

"பேச்சு கெடக்கு. புள்ள தூங்கட்டும்" என்று ஒட்டுத்துணியை அவன்மேல் போர்த்தினாள்.

சுவர்க் கடிகாரம் நின்றது. ஜன்னலுக்கு வெளியே கொளுத்துகிற வெயில், ஹாரனில் கை வைத்தபடி அசையாமல் மருது. எங்கள் ஓட்டின்மேல் மட்டும் தூறல் விழுந்தது. கல்யாணத்துக்கு ஆகாதென்று கழித்த மழையல்லவா, வீடு முழுக்க மண்வாசனை, சிலுசிலுவென்று காற்று. பிள்ளை காலை மடக்கிக்கொண்டு, சின்ன வயதில் தூங்குவதுபோலவே தூங்கினான். நாங்கள் இரண்டு பேரும் சுவரில் சாய்ந்து அவனையே பார்த்துக்கொண்டிருந்தோம். எவ்வளவு நேரம் என்று எனக்கே தெரியாது.

"கொறட்டையப் பாத்தீகளா? அப்படியே உங்களாட்டம்" என்றாள் பவுலின். சிரித்தாள், கண்ணையும் துடைத்துக்கொண்டாள்.

ஒட்டுத்துணி நூல் நூலாகக் கரைந்து தீர்ந்தது. தூறல் விட்டது. ஹாரன் மறுபடி கேட்டது. ஆண்டனி எழுந்து கடிகாரத்தைப் பார்த்தான்.

"அட, இப்பத்தான கண்ண மூடுனேன்? ஒரு வாரம் தூங்குன மாதிரி இருக்கும்மா" என்று அவள் கன்னத்தைக் கிள்ளிவிட்டு ஓடிப்போய்க் காரில் ஏறினான். பவுலின் காலி டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு வாசலில் நின்றாள். எனக்கு அவளைத் திட்டவும் மனசு வரவில்லை.

கார் திருமயம் தாண்டியிருக்காது, போன் அடித்தது.

"அம்மா, என்னமோ சொல்லணும்னு சொல்லிக்கிட்டே இருப்பீகளே. இப்பச் சொல்லுங்க, ப்ளைட் ஏறுற வரைக்கும் கேக்குறேன்."

பவுலின் வாசற்படியிலேயே உட்கார்ந்து ஆரம்பித்தாள். முதலில் என்னைப் பற்றிய புகார்கள். விளக்கு வைத்தாயிற்று, ராச்சாப்பாட்டு வேளையும் போயிற்று. நான் அவளிடம் மணி என்ன என்று சொல்லவே இல்லை.