அமெரிக்க மண்ணதிலும்

கல்வெட்டு அச்சுக்குப் போகுமுன் நான் ஒருமுறை பார்த்துச் சொல்ல வேண்டும் என்றார்கள். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியன்று வருகிறவர்களின் கையில் கொடுக்கும் நினைவுப் புத்தகம் அது. கணவர் செத்ததிலிருந்து எனக்கு எதுவும் உறைக்கவில்லை. சொன்னால் சாப்பிட்டேன், சொன்னால் கையெழுத்துப் போட்டேன். அழுகை மட்டும் வரவில்லை.

கல்வெட்டுக்குப் பாட்டு எழுதிக் கொடுக்கும் தம்பி டோர்ட்முண்டிலிருந்து முன்னமே போன் எடுத்திருந்தார்.

"அக்கா, அண்ணை என்ன தொண்டு செய்தவர்? கோயிலோ, பழைய மாணவர் சங்கமோ?"

"ஒண்டும் செய்யேல்லை. வேலைக்குப் போனவர், வந்து வாசிச்சவர்."

"என்ன வாசிச்சவர்?"

"அமெரிக்காவைப் பற்றி. அந்தச் சனம் செய்த ஊர்வலம், வேலைநிறுத்தம், எல்லாம்."

"சரி அக்கா, நான் பாத்துச் செய்யிறன்."

பார்த்துத்தான் செய்திருந்தார். 'அமெரிக்க மண்ணதிலும் அறத்துக்காய்க் குரல்கொடுத்தாய்' என்று முதல் பாட்டிலேயே இருந்தது. அவர் அமெரிக்காவுக்குப் போனதே இல்லை. எனக்குச் சிரிப்புக்கூட வரவில்லை. வாடகை வீட்டில் மேல்மாடிக்காரர் சத்தம் போட்டால் அதைக் கேட்கவும் என்னைத்தான் அனுப்புவார் இந்த மனிதர். இங்கே பீலெஃபெல்டில், ஊரில் சண்டையை நிறுத்தச் சொல்லி எங்கள் ஆட்கள் பதாகை பிடித்துக்கொண்டு போன நாட்களிலும் அவர் வீட்டில்தான் இருந்தார். அதற்கு மேல் கல்வெட்டை என்னால் வாசிக்க முடியவில்லை. எழுத்துத் தெரிந்தது, உள்ளே போகவில்லை.

அவர் வாசித்த எல்லாம் ஒரே வரலாற்றாசிரியரின் புத்தகங்கள், ஜெர்மன் மொழிபெயர்ப்பில். பழைய சாமான் சந்தையில் ஒன்றொன்றாகப் பொறுக்கியவை. எனக்கு அவற்றின் மேல் எரிச்சல்தான்.

"எங்கட ஊரில நடந்ததைப் பற்றி எவ்வளவு புத்தகம் கிடக்கு. அதை வாசியுங்கோவன்" என்று ஒருநாள் கேட்டேன்.

"அது ஏலாதப்பா. இதெண்டால் கடைசிப் பக்கம் வரைக்கும் போகலாம்" என்றார். சாட்டுச் சொல்கிறார் என்று நினைத்துத் தேத்தண்ணி போடப் போய்விட்டேன்.

கல்வெட்டு வந்த அன்று பின்னேரம், அவர் கடைசியாக வாசித்த புத்தகத்தில் ட்ராம் டிக்கெட் செருகி வைத்திருந்த பக்கத்தைத் திறந்தேன். சுரங்கத் தொழிலாளி ஒருவனின் மனைவி அதில் வந்தாள். வேலைநிறுத்தத்தில் அவன் செத்துப்போகிறான். அடுத்த நாள் அவனுடைய மேலங்கியைப் போட்டுக்கொண்டு ஊர்வலத்தில் நடக்கிறாள். கை நீளமாக இருந்ததால் மடித்துவிட்டிருந்தாளாம். பேர்கூட இல்லை அவளுக்கு. நான் அவளுக்காக அழுதேன். குசினியில், அடுப்படிக் கதிரையில் உட்கார்ந்து, மூக்குச் சிந்திச் சிந்தி அழுதேன்.

முகம் கழுவிவிட்டுத் தம்பிக்கு போன் எடுத்தேன்.

"குரல்கொடுத்தாய் எண்டதை வாசித்தாய் எண்டு மாத்துங்கோ."

"சந்தம் இடிக்கும் அக்கா."

"இடிக்கட்டும்."

மாற்றி எழுதிக்கொண்டு, "மிச்சமெல்லாம் சரியோ?" என்று கேட்டார்.

"ஓம்" என்றேன். மிச்சத்தை நான் இன்றுவரை வாசிக்கவில்லை.