கல் வைத்தியரின் வாய்

"அண்ணே, நான்தான். உளி இல்ல, வெறுங்கை. பயப்படாதீங்க" என்று சொல்லிக்கொண்டே வைத்தியர் ஏணியில் ஏறுகிறார். காலை ஏழு மணி. கிழக்கு வாசல் காவலரின் காது மடலில் புறா கட்டிய கூட்டை, முட்டை குலுங்காமல் எடுத்துத் தோளுக்கு இடம் மாற்றுகிறார். அக்குளில் மூக்கை வைத்து மோந்து பார்க்கிறார். ஈரம் எங்கே தங்கியிருக்கிறது என்று அந்த மூக்குக்குத் தெரியும். பிறகு விரலை மடக்கி மார்பில் இரண்டு தட்டு. "சத்தம் கணீர்னு இருக்கு. எங்க எல்லாரையும் வழியனுப்பிட்டுத்தான் போவீங்க."

இந்த ஊரின் நான்கு வாசல்களில் பதினொரு கல் காவலர்கள் நிற்கிறார்கள். எல்லோருக்கும் உயிர் உண்டு, ஞாபகம் உண்டு, கோபமும் உண்டு. கையில் அப்படி ஒரு வேகம்: மதிலேறிக் குதிக்கும் திருடன் தரையைத் தொடுவதற்குள் அவன் சட்டைக் காலர் காவலரின் விரலிடுக்கில் இருக்கும். வாய்தான் நிதானம். ஒரு கேள்வி கேட்டால் பதில் வர மூன்று நாள் ஆகும். நடுவில் இன்னொரு கேள்வியைப் போட்டுவிட்டால் தீர்ந்தது. பழையதை அப்படியே விட்டுவிட்டுப் புதியதை யோசிக்கத் தொடங்கிவிடுவார்கள். மறுபடி மூன்று நாள்.

இப்படிப்பட்டவர்களுக்கு வைத்தியம் பார்க்க, ஊரிலேயே அதிகம் பேசுகிற ஆள் வந்து வாய்த்திருக்கிறார். ஆள் குள்ளம். புருவத்தில் எப்போதும் கல்தூள். கடைக்குப் போனால் மூச்சுவிடாமல் நாலு கேள்வி கேட்டு, நாலுக்கும் தானே பதில் சொல்லி, வாங்க வந்ததை மறந்துவிட்டுத் திரும்புவார். வீட்டில் தறி போட்டிருக்கும் அவர் மனைவியிடம் விசாரித்தால் சிரிக்கிறார். "கல்யாணமாகி இருபத்தாறு வருஷம். 'நல்லா இருக்கியா'ன்னு தினமும் கேக்கறார். நல்லா இருக்கேன்னு சொல்ல இன்னும் எனக்கு ஒரு இடைவெளி கிடைக்கல."

இவ்வளவு அவசரக்காரர் ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் அவசரப்படமாட்டார். காவலரிடம் கேட்டு, அவர் சரி என்று சொன்ன பிறகுதான் உளியைத் தொடுவார். வெளியூர் கொத்தர் ஒருவர் கேட்காமல் கொத்தப்போய், அகழித் தண்ணீரில் விழுந்து எழுந்த கதை ஊருக்கே தெரியும். ஆனால் வைத்தியர் அந்தப் பயத்தில் கேட்பவர் இல்லை. "கல்லா இருந்தா என்ன? கால் அவரோட கால். அவரைக் கேக்காம நான் யாரு கைவைக்க?"

போன வருடம் மழைக்கு ஒரு வாரம் இருக்கும்போது, கிழக்கு வாசல் காவலர் நெட்டையரின் வலது முழங்காலில் விரல் நுழையும் அளவு விரிசலைப் பார்த்துவிட்டார். செப்புக் கம்பி இறக்கி ஈயம் காய்ச்சி ஊற்றினால் கால் நிற்கும். மழைத் தண்ணீர் முந்திக்கொண்டால் கால் பிளந்து ஆள் சாய்வார். சாய்ந்த காவலர் எவரும் மறுபடி கண் திறந்ததில்லை. "அண்ணே, முட்டியில கம்பி போட்டுக்கலாமா?" என்று கேட்டுவிட்டுக் காத்திருந்தார்.

இரண்டாம் நாள் சாயங்காலம் முழங்காலைத் துணியால் ஒற்றிக்கொண்டிருந்தபோது, பாழாய்ப்போன நாக்கு சும்மா இருக்கவில்லை. "ரொம்ப வலிக்குதாண்ணே?"

சொல்லி முடிப்பதற்குள் நாக்கைக் கடித்துக்கொண்டார். என்ன பயன்? கேட்டது கேட்டதுதான். மூன்று நாள் கழித்து, நெட்டையரின் நெஞ்சுக்குள்ளிருந்து பதில் வந்தது.

"கொஞ்சம்."

அன்று வைத்தியர் சாப்பிடவில்லை. நெட்டையரிடம் கம்பிக் கேள்வியை மறுபடி கேட்டுவிட்டு வீட்டுக்கு வந்து, "என் வாயாலயே அவரைக் கொன்னுடுவேன் போலிருக்கு" என்று குழந்தை மாதிரி அழுதார். மனைவி தறியிலிருந்து எழுந்து வந்து, ஒரு முழத் துணியைக் கிழித்து அவர் வாயைச் சுற்றிக் கட்டினார். "மூணு நாளுங்க. சாப்பிட மட்டும் அவுத்துவிடறேன்."

தன் வாயைக் கட்டியாயிற்று. ஊர் வாயை என்ன செய்வது? நிற்பதோ வாசல். போகிற வருகிற வண்டியெல்லாம் அங்கே நின்று எதையாவது கேட்கும். 'இவரிடம் எதுவும் கேட்காதீர்கள்' என்று பலகையில் எழுதி நெட்டையர் காலடியில் சாத்தினார். அதைப் படித்த முதல் வண்டிக்காரரே அண்ணாந்து பார்த்து, "ஏன், இவருக்கு என்ன..." என்று தொடங்க, வைத்தியர் வண்டிமேல் தாவி அவர் வாயைப் பொத்தினார். அதற்குப் பிறகு பலகையைக் கவிழ்த்துப் போட்டுவிட்டு, மூன்று நாளும் வாசலிலேயே கிடந்து, கிட்டே வந்தவர்களையெல்லாம் இரண்டு கையையும் ஆட்டி விரட்டினார். ஊரைக் காப்பவருக்கு அந்த மூன்று நாள் அவர் காவல் நின்றார்.

மூன்றாம் நாள் மதியம் வானம் கறுத்தது. காற்றில் மண்வாசனை. ஏணி சாத்தியாயிற்று, கம்பி தயார், மனைவி அடுப்பை விசிறிக்கொண்டிருக்க ஈயமும் உருகிவிட்டது. பதில்தான் வரவில்லை. வைத்தியர் ஏணியில் ஏறி நின்று, அந்தப் பெரிய முகத்தை அண்ணாந்து பார்த்தார். வாய்க்கட்டைப் பிடித்துக் கீழே இழுத்தார்.

"ஏங்க, வேண்டாம்!" என்று மனைவி கத்தினார்.

"அண்ணே..."

அடுத்த சொல் வெளியே வருவதற்குள் மேலிருந்து கை இறங்கியது. உலக்கைப் பருமனில் ஒரு கல் விரல், வைத்தியரின் உதட்டின் மேல் மெத்தென்று வந்து படிந்தது. நெட்டையர் அவரைக் கண் இமைக்காமல் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"போடு."

வைத்தியர் கண்ணில் நீர் முட்ட உளியை எடுத்தார். துளை போட்டு, கம்பி இறக்கி, ஈயம் ஊற்றி, அது இறுகும்வரை ஏறக்குறைய ஒரு மணி நேரம். முதல் தூறல் விழும்போது வேலை முடிந்திருந்தது. அவ்வளவு நேரமும் நெட்டையர் அந்த விரலை எடுக்கவே இல்லை.