ரயிலில் என்ன கதைத்தார்கள்

செய்தி செவ்வாய்க்கிழமை காலையில் வந்தது. எங்கள் பத்திரிகைக் கட்டுகளைத் தன் கடை வாசலில் வைக்கும் கடைக்காரர் தொலைபேசியில், அப்பாச்சே அண்ணை போய்விட்டாராம் என்றார். துக்கப்படுவதற்கு முன் நான் கணினியைத் திறந்து மரண அறிவித்தல்களைத் தேடினேன். இல்லை. ரொறன்ரோவில் எங்கள் சனத்தில் ஒருவர் கண்ணை மூடினால் பிறப்பிடம், வதிவிடம், மருமக்கள், பேரப்பிள்ளைகள், சகலன்மார் என்று முழுப் பட்டியலும் சிரித்த படமொன்றும் மத்தியானத்துக்குள் வந்துவிடும். அறிவித்தல் இல்லாத சாவை நான் இங்கே கண்டதில்லை. ஒன்றில் அவர் சாகவில்லை, அல்லது யாரோ எதையோ மறைக்கிறார்கள் என்று நினைத்தேன்.

அவருடைய மகளுக்குத் தொலைபேசி எடுத்தேன். இங்கே பிறந்த பிள்ளை. அழுது முடித்த குரலில் பேசினார். "ஓம் அன்ரி, உண்மைதான். ஹார்ட் அற்றாக். நோட்டீஸ் போடவேண்டாம், தன்ர பேர் ஒரு இடத்திலயும் வரக்கூடாதெண்டு அப்பா எழுதி வச்சிருக்கிறார். ஏனெண்டு எனக்கு ஐடியாவே இல்லை."

எனக்குத் தெரியும் என்று நினைத்தேன். அதனால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது. வெட்கமாகவும் இருக்கிறது.

நான் நடத்தும் இந்த மாதப் பத்திரிகையைத் தொடர்ந்து படிப்பவர்களுக்கு அவரை அறிமுகம் செய்யத் தேவையில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். வோபர்னில் ஓர் அடுக்குமாடியில் வசித்தவர். மனைவியை இழந்தவர். கார் உதிரிப்பாகத் தொழிற்சாலையில் வேலை செய்து ஓய்வு பெற்றபின் நூலகமே கதியென்று கிடந்தார். அமெரிக்காவின் தென்மேற்கு மலைகளில் வாழ்ந்த அப்பாச்சே மக்கள், குடியேற்றக்காரரோடும் இரண்டு நாட்டுப் படைகளோடும் நடத்திய போர்களைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்தார். ஒருநாள் கையெழுத்துத் தாள்களோடு என் முன்னால் வந்து நின்றார். பதினொரு மாதம் அதைத் தொடராகப் போட்டோம். அதோடு ஊருக்கெல்லாம் அவர் அப்பாச்சே அண்ணை ஆனார்.

அந்தத் தொடரில் ஒரு தலைவரின் பெயரும் இருக்காது. இறந்தவரின் பெயரைச் சொல்வது அந்த மக்களின் வழக்கமில்லை, ஆகவே நானும் சொல்லமாட்டேன் என்று முதல் கட்டுரையிலேயே எழுதிவிட்டார். பேச வரும்படி படைமுகாமுக்கு அழைத்து, செய்யாத கடத்தலொன்றுக்காகப் பிடித்துவைக்கப் பார்த்தபோது, கத்தியால் துணியைக் கிழித்துக்கொண்டு மலைக்கு ஓடியவர் 'கூடாரத்தைக் கிழித்தவர்'. சமாதானம் பேசப் போய், பிடிபட்டு, காவலிலேயே கொல்லப்பட்டவர் 'வெள்ளைக்கொடியை நம்பியவர்'. முப்பத்துச் சொச்சம் பேரோடு, அதில் அரைவாசிக்கு மேல் பெண்களும் பிள்ளைகளுமாக, ஐயாயிரம் சிப்பாய்களை மலைமலையாக அலையவிட்டவர் 'கடைசியாக இறங்கி வந்தவர்'.

பெயரில்லாத தலைவரை எங்கள் சனத்தின் கையில் கொடுத்தால் சும்மா இருப்பார்களா? எங்கள் யுத்தத்துத் தளபதிகளில் ஆளுக்கொரு பெயரை எடுத்து வைத்துக்கொண்டார்கள். ஒரே பந்தியைப் படித்துவிட்டு ஒருவர், எங்கள் ஆளை நல்லாய் உயர்த்தி எழுதுகிறீர்கள் என்று பாராட்டினார். இன்னொருவர், அதே ஆளைக் கோழை என்று குத்திக்காட்டுகிறீர்கள் என்று ஏசினார். அந்தத் தளபதி யார், எழுதுகிறவர் எந்தப் பக்கம் என்று கேட்டு வந்த அழைப்புகளுக்குப் பதில் சொல்லியே களைத்துப்போனேன். அண்ணையிடம் முறையிட்டேன். அவர் கோபித்து நான் கண்டது அந்த ஒருமுறைதான்.

"எல்லாச் சனமும் எங்களுக்கு உவமையாத்தான் சாகவேணுமோ, தங்கச்சி? அவையள் தங்கட நிலத்துக்காகச் செத்தவை. நான் அவையளைப் பற்றித்தான் எழுதுறன்."

அதையும் நான் நம்பவில்லை. சந்தேகம் எனக்குப் பிறவிக் குணம். எங்களுடைய யுத்தம் அதற்கு உரமும் போட்டது. அவரும் சந்தேகப்பட வசதியான மனிதராகத்தான் இருந்தார். எந்த ஊர் என்று கேட்டால் "வடக்குப் பக்கம்" என்பார். யாழ்ப்பாணத்து மனிதர் ஊரைச் சொல்லாமல் விட்டால் அது சும்மா விஷயமா? கோப்பிக்கடையில் எப்போதும் சுவருக்கு முதுகு கொடுத்து, வாசலைப் பார்த்தே உட்காருவார். கேட்டதற்கு, "வாசல் எப்பவும் கூப்பிட்டவன்ர கையில. கிழிக்கக்கூடிய பக்கம் எது எண்டு நாங்கள்தான் பாத்து வைக்கவேணும்" என்று கூடாரக் கதையைச் சொல்லி மழுப்பினார். சனிக்கிழமைகளில் மட்டும் யார் கூப்பிட்டாலும் வரமாட்டார்.

ஒரு சனிக்கிழமை அவர் மூன்றடுக்குச் சாப்பாட்டுக் கரியரோடு பஸ்ஸுக்கு நிற்கக் கண்டேன். என் காரில் மெதுவாகப் பின்னால் போனேன். ரயில் நிலையத்தில் இறங்கி, பிக்கரிங் பக்கம் போகும் ரயிலில் ஏறினார். நான் தரிப்பிடத்தில் கொஞ்சநேரம் இருந்துவிட்டு, வழியில் மீன் வாங்கிக்கொண்டு, மீன் வாங்கப் போனவள் போலவே வீட்டுக்குத் திரும்பினேன்.

அடுத்த கிழமை கதையை அவரே தொடங்கினார். அப்பாச்சேக்களில் ஒரு பெண் போராளி இருந்தாராம். உள்ளங்கைகளை விரித்து வானத்தைப் பார்த்து வேண்டியபடி மெல்லச் சுழல்வாராம். எதிரி இருக்கும் திசைக்கு வந்ததும் கை கூசுமாம். "உமக்கும் அந்த வரம் இருக்கு தங்கச்சி. என்ன, கை பிழையான பக்கம் கூசுது" என்றார். என் காரை எங்கே கண்டாரோ தெரியாது. இரண்டு பேரும் சிரித்தோம். ஆனால் சனிக்கிழமைகளில் எங்கே போகிறார் என்று அவர் சொல்லவில்லை. நானும் மறக்கவில்லை.

அந்தக் கோடையில் ஸ்ரௌவ்வில்லில் ஒரு வீடு குடிபூரலுக்கு அவரையும் கூட்டிப் போனேன். வீட்டுக்காரத் தம்பி தொடரைப் படிப்பவர். குடியேற்றக்காரர் என்று நீங்கள் எழுதுவது யாரை, அங்கிள் என்று எல்லோருக்கும் முன்னால் கேட்டார். அண்ணை ஜன்னலுக்கு வெளியே, புல்கூட முளைக்காத புதுவீட்டு வரிசையைப் பார்த்தார். "ஊரில அவங்கள். இஞ்ச நாங்கள், தம்பி" என்றார். பால் பொங்கிக் கொஞ்ச நேரமாகாத வீட்டில் சொல்லக்கூடிய பேச்சா அது? ஒருவரும் சிரிக்கவில்லை. நான் தேத்தண்ணி எடுக்கிற சாட்டில் குசினிக்குள் போனேன். அங்கே நின்ற ஒருவர் என் காதுக்குள் சொன்னார்.

"அந்த மனிசன் ஊரில தலையாட்டியா இருந்ததாம். உமக்குத் தெரியாதே?"

இங்கே வளர்ந்த பிள்ளைகளுக்காக விளக்குகிறேன். இராணுவம் ஓர் ஊரைச் சுற்றிவளைத்து ஆண்களை வரிசையாக நடக்கவிடும். வண்டிக்குள் ஒருவர் தலையில் சாக்கைக் கவிழ்த்தபடி இருப்பார். சாக்கில் கண்ணுக்கு இரண்டு ஓட்டை. அவர் தலையை ஆட்டினால் எதிரில் நிற்பவரைப் பிடித்துக்கொண்டு போவார்கள். பலர் திரும்பி வரவில்லை. எங்கள் சனத்தில் ஒருவர்மேல் வைக்கக்கூடிய பழிகளில் அதைவிடப் பெரியது இல்லை.

யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை. என் கை கூசியது சரிதான் என்று திருப்திதான் வந்தது. மறுநாள் மூன்று பேருக்குத் தொலைபேசி எடுத்து, அப்படியொரு கதை உண்டா என்று விசாரித்தேன். விசாரிக்கிற மாதிரியே பரப்புகிற கெட்டித்தனம் எங்களிடம் நிறைய உண்டு. மாதம் முடிவதற்குள் அதே கதை கை கால் முளைத்து என்னிடமே திரும்பி வந்தது. பிறகு அவர் போகிற விழாக்களில் அவருக்குப் பக்கத்துக் கதிரை வெறுமையாக இருக்கத் தொடங்கியது.

அந்த நேரம் பார்த்துத்தான் பன்னிரண்டாம் கட்டுரையைக் கொண்டுவந்தார். அது தலைவர்களைப் பற்றியதல்ல. படைக்கு வழிகாட்டிய அப்பாச்சேக்களைப் பற்றியது. மலையை அறிந்தவனைப் பிடிக்க மலையை அறிந்தவன் வேண்டும் என்று படை அந்த மக்களிலிருந்தே ஆட்களைச் சேர்த்தது. கடைசித் தலைவரிடம் மலையேறிப் போய், சரணடையச் சொல்லிக் கேட்டவர்களும் அவருடைய சனம்தான். வேலை முடிந்ததும் அரசாங்கம் அவர்களையும் கைதிகளாக்கி, அவர்கள் யாரைத் தேடிப் போனார்களோ அவர்களோடு அதே ரயிலில் ஏற்றிப் புளோரிடாவுக்கு அனுப்பியது. அதன்பின் இருபத்தேழு வருடம் அந்த மக்கள் போர்க்கைதிகள். கட்டுரையின் கடைசித் தாளில் ஒரு கேள்வி இருந்தது. அந்த ரயிலில் முதலில் வாய் திறந்தது யார், என்ன கதைத்தார்கள்? அதற்குக் கீழே அரைப் பக்கம் வெறுமை.

ஏன் விட்டிருக்கிறீர்கள் என்று கேட்டேன். எல்லாப் புத்தகத்திலும் தேடியதாகவும் ஒருவரும் அதை எழுதி வைக்கவில்லை என்றும் சொன்னார். குற்றவாளி தன்னை மறந்து வாய்விட்ட இடம் அது என்று நான் தீர்மானித்துக்கொண்டேன். காட்டிக்கொடுத்தவன்மேல் இரங்குகிறவன் வேறு யாராக இருக்க முடியும்? இந்த மாதம் பக்கமில்லை அண்ணை என்றேன்.

"இடமில்லை எண்டாப் பறவாயில்லை. பயமெண்டா அதைச் சொல்லும்."

இடமில்லை என்றே சொன்னேன். தாள்களை என்னிடமே விட்டுவிட்டுப் போனார். தொடர் சொல்லாமல் கொள்ளாமல் நின்றது. அது நின்றதையே ஆதாரமாக எடுத்தவர்களும் உண்டு. நிறுத்தியது நான், பழி அவருக்கு. அதற்குப் பிறகு இரண்டு வருடம் எங்கே கண்டாலும் "சுகமே தங்கச்சி" என்பார். தன்மேல் இருந்த கதையைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை. மறுக்காதவன் ஒப்புக்கொள்கிறான் என்றே நினைத்தேன்.

மலர்ச்சாலையில் உடலைப் பார்க்க வந்தவர்கள் பன்னிரண்டு பேர். எண்ணிப் பார்ப்பது என் பழக்கம். பதினொரு பேரை எனக்குத் தெரியும். பன்னிரண்டாவது மனிதர் ஒரு கை விளங்காதவர். மற்றக் கையில் கழுவித் துடைத்த மூன்றடுக்குக் கரியர். அதை மகளிடம் கொடுத்துவிட்டு ஒரு மூலையில் போய் நின்றார். கரியரைக் கண்டதும் எனக்குப் பொறுக்கவில்லை. பக்கத்தில் போய், அண்ணைக்கு நீங்கள் என்ன முறை என்று கேட்டேன். முறை ஒன்றுமில்லை, ஊரில் ஒரே மறியலில், ஒரே சிறையில் இருந்தோம் என்றார். என் பெயரைக் கேட்டார். சொன்னதும் என்னை வெளியே, கார் தரிப்பிடத்துக்குக் கூட்டிப் போனார்.

"சாக்குக்குள்ள இருந்தது நான், தங்கச்சி. அண்ணைக்குத் தலையாட்டினதும் நான்தான்."

மூன்று நாள் அடித்தார்களாம். அடுத்தது உன் தம்பி என்றார்களாம். நாலாம் நாள் வண்டியில் ஏற்றி அறியாத ஓர் ஊருக்குக் கொண்டுபோனார்கள். யாருக்காவது ஆட்டாமல் விடமாட்டார்கள் என்று, முன்பின் தெரியாத ஒருவருக்குத் தலையை ஆட்டினார். சில மாதங்களில் இராணுவத்துக்கு அவர் தேவையில்லாமல் போக, அவரையும் தூக்கி மறியலில் போட்டார்கள். அண்ணை இருந்த அதே அறையில்.

பழக்கதோஷம், அதையும் ஒரு கணம் சந்தேகித்தேன். செத்த நண்பனின் பழியைத் தன் தலையில் போடுகிறாரோ என்று நினைத்தேன். அவர் முகத்தைப் பார்த்த பிறகு அந்த நினைப்புக்காக என்னையே அடிக்க வேண்டும் போலிருந்தது. அண்ணையைப் பற்றி நாங்கள் கதைத்தது உங்களுக்குத் தெரியுமா என்று கேட்டேன்.

"தெரியும். நானே வந்து சொல்லுறன் எண்டனான். அண்ணை விடேல்லை. 'என்ர மகள் உந்தக் கதையை நம்பமாட்டாள், உன்ர மூண்டு பிள்ளையளும் இந்தச் சனத்துக்குள்ளதான் கலியாணம் கட்டவேணும்' எண்டார். அறிவித்தல் போட்டா பிறந்த ஊர்ப் பேர் வரும். ஊர் வந்தா அந்தச் சுற்றிவளைப்பு வரும். பிறகு தலையாட்டினது ஆரெண்டு நீங்கள் எல்லாரும் தோண்டுவியள்தானே?"

தோண்டியிருப்போம். முதல் மண்வெட்டி என்னுடையதாக இருந்திருக்கும்.

கடைசியாக அந்தக் கேள்வியைக் கேட்டேன். அந்த அறையில் முதலில் வாய் திறந்தது யார்?  தான் சுவர்ப் பக்கம் திரும்பி இருந்ததாகவும், சாக்கு ஓட்டைக்குள் பார்த்த கண்ணைக் கொண்டே அண்ணை தன்னை அடையாளம் கண்டுவிட்டார் என்பது தெரியும் என்றும் சொன்னார். வெளியே மழையாம். அண்ணை தன் பாயில் அரைவாசியை விட்டுத் தள்ளிப் படுத்தாராம்.

"'இஞ்சால வா, அங்க ஒழுகும்' எண்டார். அவ்வளவுதான் கதைச்சனாங்கள்."

காருக்குள் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். அண்ணை, என்னை மன்னியுங்கோ. நீங்கள் இருக்கும்போது சொல்லியிருக்க வேண்டும்.

அந்த மனிதர் இதை எழுதச் சொன்னார். பெயரை மட்டும் வேண்டாம் என்றார். ஆகவே அண்ணையின் பெயரையும் நான் எழுதவில்லை. யார் எவர் என்று நீங்கள் தேடுவீர்கள் என்று எனக்குத் தெரியும், நானும் அப்படித்தான். அதனால் மேலே எழுதிய இடங்களிலும் அடையாளங்களிலும் சிலதை மாற்றியிருக்கிறேன். அந்த ரயில் பிக்கரிங்குக்குப் போகவில்லை. கை விளங்காதவர் என்பதும் அப்படித்தான்.

பன்னிரண்டாம் கட்டுரையை இந்த இதழில் அவர் தந்தபடியே போட்டிருக்கிறேன். கடைசியில் அரைப் பக்கம் வெறுமையாக இருக்கும். அச்சுப்பிழை என்று அழைக்காதீர்கள். அந்தக் கடைசிக் கையெழுத்துத் தாளை மட்டும் மகளின் அனுமதியோடு நானே வைத்துக்கொண்டேன். போன கிழமை ஒரு புதுமுகத்தைப் பற்றி யாரோ எனக்கு ஒரு கதை சொன்னார்கள். உள்ளங்கை கூசியது. தாளை எடுத்து மடியில் வைத்தபடி இருந்தேன். கூச்சம் போகவில்லை. ஆனால் நான் ஒருவருக்கும் தொலைபேசி எடுக்கவில்லை.