ஆலம்பரைக்குப் படகில் போன நாள்

செஞ்சியில் குடியிருப்பவர்கள் கோட்டை பார்க்க வெளியூர் போவார்களா? நானும் என் கணவரிடம் அதைத்தான் கேட்டேன். எங்கள் வாடகை வீட்டுக் கொல்லைக் கதவைத் திறந்தால் ராஜகிரி மலை எதிரே நிற்கும். துணி உலர்த்தும்போதெல்லாம் அதைப் பார்த்துப் பார்த்துச் சலித்திருந்தது.

"நம்ம ஊருல மூணு மலை மேலயும் கோட்டை கெடக்குது. இன்னொரு கோட்டையப் பாக்க எதுக்கு அம்மாந்தூரம் போறது?"

"அது கடலோரத்துக் கோட்டை. மரக்காணம் போயி அங்கிருந்து படகுல போவணும். ஆபீசுல எல்லாரும் குடும்பத்தோட வர்றாங்க. நீயும் வா."

'நீயும் வா' என்று அவர் என்னிடம் சொன்னது அதுதான் முதல் தடவை. கல்யாணமாகி ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. அதில் பெரும்பகுதி நான் வல்லத்துக்குப் பக்கத்தில் மாமியார் வீட்டில் இருந்தேன். அவர் விழுப்புரத்தில் ஓர் அறையில் தங்கி வேலை பார்த்தார். செஞ்சிக்கு மாற்றலாகி வந்த பிறகுதான் தனியாகக் குடித்தனம் வைத்தோம். ஆபீஸ்காரர்கள் யாரும் அதுவரை எங்கள் வீட்டுப் படி ஏறியதில்லை. அறுபதுகளின் நடுப்பகுதி அது. ஒரு குமாஸ்தாவின் பெண்டாட்டி சினிமாவுக்குப் போவதே பெரிய விஷயம். நான் கடலைப் பார்த்ததே கிடையாது. அன்றைக்கு எனக்குத் தூக்கம் எங்கிருந்து வரும்?

சாப்பாட்டுக்கு என்ன செய்கிறார்கள் என்று கேட்டதற்கு, "நீதான் நல்லா செய்வியே, எல்லாருக்கும் நீயே கட்டிடு" என்றார். அதையும் பாராட்டாகத்தான் எடுத்துக்கொண்டேன். புளிச்சோறு, தயிர்ச்சோறு, உருளைக்கிழங்கு வறுவல், மல்லாட்டையை வறுத்து அரைத்த துவையல். என்னைப் பெற்ற நைனாவின் நிலத்தில் விளைந்த வேர்க்கடலை. கிளம்பும்போது பெட்டியிலிருந்து கல்யாணப் பட்டை எடுத்தேன். அவர் பார்த்துவிட்டார்.

"உப்புத் தண்ணி பட்டா பட்டு பாழாப்பூடும். அந்தப் பழைய நூல் சேலையே போதும்." கொஞ்சம் நின்று, "ஆபீசர் முன்னாடி எம்பக்கத்துல வந்து வந்து நிக்காத. நல்லா இருக்காது" என்றார்.

மரியாதைக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். எங்கள் ஊரில் புருஷனும் பெண்டாட்டியும் தெருவில் சேர்ந்து நடக்கிற வழக்கமே கிடையாது. அதனால் அது எனக்கு வித்தியாசமாகப் படவில்லை.

வேனில் நான் பின்னால் பாத்திரங்களோடு உட்கார்ந்தேன். திண்டிவனம் தாண்டும்போது முன் சீட்டில் இருந்த ஒரு குமாஸ்தாவின் மனைவி திரும்பிப் பேச்சுக் கொடுத்தாள். எந்த ஊர் என்று கேட்டாள். சிங்கவரம் என்றேன்.

"எத்தினி வீட்டுல செய்யற?"

எனக்குப் புரியவில்லை. கூட்டுக்குடும்பமா, தனிக்குடித்தனமா என்று கேட்கிறாளாக்கும் என்று நினைத்துக்கொண்டு, "ஒரே வீடுதாங்க" என்றேன்.

"நல்ல எடமா?"

"நல்ல எடந்தாங்க. சத்தம் போட மாட்டாரு."

அவள் தலையாட்டிவிட்டுத் திரும்பிக்கொண்டாள். புருஷனைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொல்லிவிட்ட நிறைவு எனக்கு. இன்றைக்கு நினைத்தாலும் அந்த இடத்தில் எனக்கு உடம்பு கூசும்.

மரக்காணத்தில் உப்பளங்களின் ஓரமாக வேன் நின்றது. வெயிலில் உப்புக் குவியல்கள் கண்ணைக் கூச வைத்தன. கால்வாயில், விறகும் உப்பும் ஏற்றிப் போகிற நீளமான படகு ஒன்றைக் கழுவிப் பாய் விரித்து வைத்திருந்தார்கள். ஆபீசர் அமர்த்திய வழிகாட்டி அங்கே காத்திருந்தார். எங்கேயோ வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவராம். கோட் போட்டு, குடை பிடித்திருந்தார். ஆபீசரின் மனைவிக்கு மட்டும் ஒரு மர நாற்காலி. மற்றவர்கள் பாயில் உட்கார்ந்தார்கள். நான் படகின் பின்முனையில், கழி ஊன்றுகிறவரின் காலடியில், அன்னக்கூடையை அணைத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

படகு வடக்கே நகர்ந்தது. காற்று வாட்டமாக இருந்த இடத்தில் மரத்தில் காற்றுப்பாய் கட்டினார்கள். இல்லாத இடத்தில் கழி போட்டுத் தள்ளினார்கள். வழிகாட்டி எழுந்து நின்று மேடையில் பேசுகிற தமிழில் ஆரம்பித்தார்.

"நவாபுகள் எழுப்பிய கோட்டை! பிரெஞ்சுக்காரர் கையில் செழித்த துறைமுகம்! இங்கே நாணயம் அடித்தார்கள், இங்கிருந்து துணியும் உப்பும் கப்பலேறின. ஆங்கிலேயரின் பீரங்கி ஒரே மூச்சில் இடித்துத் தள்ளியது!"

காற்றில் பாதி எனக்குக் கேட்டது, பாதி கேட்கவில்லை. கேட்டவரைக்கும் மனத்தில் வாங்கிக்கொண்டேன். ஐந்தாம் வகுப்போடு என்னை நிறுத்திவிட்டார்கள். ஆனால் கடையில் சாமான் மடித்து வருகிற காகிதத்தைக்கூடப் பிரித்து வாசிக்கிற பழக்கம் எனக்கு அப்போதே உண்டு. அவர் சொல்லும் கதையை வீட்டுக்குப் போனதும் என் கணவரிடம் விவரமாகக் கேட்க வேண்டும் என்று நினைத்தேன்.

கழிமுகத்தில் தண்ணீர் அகன்று விரிந்த இடத்தில் கோட்டை தெரிந்தது. எங்கள் செஞ்சிக் கோட்டை மாதிரி பாறைமேல் ஏறி நிற்பதல்ல. செங்கல்லும் சுண்ணாம்புமாய், மணலில் பாதி புதைந்து, மூளியாக நின்றது. படகு அணைந்ததும் எல்லோரும் வழிகாட்டியின் குடையைத் தொடர்ந்தார்கள். நான் என் கணவரிடம் மெதுவாக, "நானும் வரட்டா?" என்றேன்.

"சோத்த யாரு பாத்துக்கறது? நாயும் காக்காவும் கெடக்குது பாரு." என் முகத்தைப் பார்க்காமலே சொன்னார்.

பாத்திரங்களை ஒரு சுவரின் நிழலில் இறக்கி வைத்தேன். படகுக்காரர் பீடியைப் பற்ற வைத்துக்கொண்டு, "நான் பாத்துக்கறேம்மா. இம்மாந்தூரம் வந்துட்டு சமுத்திரத்தப் பாக்காம போவியா?" என்றார். உடனே எழுந்துவிட்டேன்.

சுவர் பிளந்த இடத்தின் வழியாகத்தான் நான் முதன்முதலில் கடலைப் பார்த்தேன். அதை எப்படிச் சொல்வது? ஏரி நிரம்பினால் எவ்வளவு தண்ணீர் என்று எனக்குத் தெரியும். இது அந்தக் கணக்கில் எதிலும் சேரவில்லை. வாய்விட்டுச் சிரித்தேன் என்று நினைக்கிறேன். சேலை முந்தானை காற்றில் பறந்தது, பிடிக்கத் தோன்றவில்லை. அந்த நாளில் எனக்கென்று கிடைத்த சந்தோஷம் அவ்வளவுதான்.

சுவரின் அந்தப் பக்கம் பேச்சுக் கேட்டது. ஆபீசரின் மனைவி கேட்டாள்: "எல்லாரும் குடும்பத்தோட வந்திருக்காங்க. நீங்களும் உங்க சம்சாரத்தைக் கூட்டிட்டு வந்திருக்கலாமே?"

என் கணவரின் குரல் பணிவாகப் பதில் சொன்னது. "டீச்சர் ட்ரெயினிங் படிக்கறாங்கம்மா. லீவு கெடைக்கல."

அவருக்கு வேறொரு பெண்டாட்டி இருக்கிறாள் என்றுதான் எனக்கு முதலில் தோன்றியது. விழுப்புரத்தில் இருந்தபோது கட்டிக்கொண்டிருப்பார், படித்தவள், ஆபீஸ் முழுக்கத் தெரிந்திருக்கிறது, எனக்குத்தான் தெரியாது என்று மனம் எங்கெங்கோ ஓடியது. அதற்குள் அந்த அம்மாள் அடுத்த கேள்வியைக் கேட்டாள்.

"சமையலுக்கு வந்திருக்காளே, அவளை எங்கே பிடிச்சீங்க? வாசனையே நல்லா இருக்கு."

"எங்க ஊருப் பக்கந்தாங்கம்மா. கஷ்டப்பட்ட குடும்பம்."

வேறு பெண்டாட்டி யாரும் இல்லை என்று அப்போது புரிந்தது. இருந்திருந்தால்கூடத் தேவலையாக இருந்திருக்கும். ஒருத்தியோடு சண்டை போடலாம். இல்லாத ஒருத்தியோடு என்ன செய்வது? நூல் சேலை, பின் சீட்டு, பக்கத்தில் நிற்காதே என்றது, வேனில் அந்தப் பெண் கேட்டது, எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக விளங்கின. நிழலுக்குத் திரும்பி வந்து இலைகளைத் துடைத்து வைத்தேன். கை தன்பாட்டுக்கு வேலை செய்தது.

சாப்பிட உட்கார்ந்தார்கள். நான் பரிமாறினேன். என் கணவரின் இலைக்கு வந்தபோது அவர் வழிகாட்டியோடு பேசிக்கொண்டே, "போதும் போதும்" என்று கையை நீட்டித் தடுத்தார். ஓட்டலில் பரிமாறுகிறவனிடம் சொல்கிற மாதிரி. ஆபீசரின் மனைவி துவையலை இரண்டாம் தடவை கேட்டு வாங்கினாள். நல்ல மனுஷிதான் அவள். அவள் மேல் எனக்கு எந்தக் காலத்திலும் வருத்தம் இல்லை.

"கைப்பக்குவம் நல்லா இருக்கு உனக்கு. எங்க வீட்டுக்கு வந்துடறியா? காலையில வந்து சாயந்திரம் போயிடலாம்."

நான் பதில் சொல்வதற்குள் என் கணவர் முந்திக்கொண்டார். "வருவாங்கம்மா. நான் சொல்லி அனுப்பறேன்."

இன்றுவரை அவர் பொய்யை ஏதோ ஒரு விதத்தில் மன்னிக்க முடிந்திருக்கிறது. இந்த ஒரு வார்த்தையை முடியவில்லை. பயத்தில் ஒரு பொய் சொன்னவன், அதைக் காப்பாற்ற என்னை இன்னொரு வீட்டு அடுப்படிக்கு அனுப்பவும் தயாராக இருந்தான்.

கரண்டியைப் பாத்திரத்தில் வைத்தேன். கழுத்திலிருந்த தாலிக் கயிற்றை வெளியே எடுத்து விட்டேன்.

"நான் வர்றதுக்கு இவரு உத்தரவு குடுத்துட்டாரும்மா. குடுக்க வேண்டியவரும் இவருதான். இந்தக் கயித்தக் கட்டுனவரு இவருதானே."

வழிகாட்டிக்கு விஷயம் விளங்கவில்லை; அவர் மட்டும், "இந்த மதில் இருக்கிறதே..." என்று ஏதோ ஆரம்பித்துத் தானே நிறுத்திக்கொண்டார். ஆபீசர் இலையை மடித்துவிட்டு எழுந்து கை கழுவப் போனார். என் கணவர் குனிந்த தலை நிமிராமல், இலையில் மீதமிருந்த சோற்றை முழுவதும் சாப்பிட்டார். அதுதான் எனக்கு ஆச்சரியமாக இருந்தது. எப்படி இறங்கியது அந்தச் சோறு?

திரும்பும் படகில், வேனில் கேள்வி கேட்ட அந்தப் பெண் பாயில் நகர்ந்து இடம் விட்டு, "இங்க வந்து குந்துக்கா" என்றாள். அக்கா! காலையில் நான் யாராகவும் இல்லை. மாலையில் எல்லோரும் இரக்கப்படுகிற அக்கா ஆகிவிட்டேன். "பரவால்லம்மா" என்று சொல்லிவிட்டுப் பாத்திரங்களோடேயே உட்கார்ந்து வந்தேன்.

வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தியதும் அவர் கேட்டார்: "ஒரு நாளு பொறுத்துக்கினு இருந்தா உனக்கு இன்னா கொறஞ்சி பூடும்?"

"உங்களுக்கு இன்னா கொறஞ்சி போச்சி, எங்கிட்ட?"

அவர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். எல்லோருடைய பெண்டாட்டியும் படித்தவள், இவருடையவள் மட்டும் களை எடுத்துக்கொண்டிருந்தவள். அதை வாய்விட்டுச் சொல்லக்கூட அவருக்குத் தைரியம் இல்லை.

மறுநாள் பஸ்ஸுக்கும் காத்திருக்காமல் சிங்கவரத்துக்கு நடந்தே போனேன். நைனா களத்தில் மல்லாட்டை காய வைத்துக்கொண்டிருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டுவிட்டு, "அடிச்சானா?" என்றார்.

"இல்ல."

"குடிக்கிறானா? வேற பொம்பள சகவாசமா?"

"இல்ல நைனா."

"அப்புறம் இதுக்கா வந்த? கவர்மென்ட்டு உத்தியோகம்டி. யாருக்குக் கெடைக்குது?" அம்மாவும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். வெயில் தாழ்ந்ததும் நைனா என்னைச் சைக்கிளில் பின்னால் உட்கார வைத்துக் கொண்டுபோய் விட்டார். வாசலில் மருமகனைப் பார்த்து, "சின்னப் பொண்ணு, வெவரம் பத்தாது. மனசுல வச்சிக்காதீங்க" என்றார். என்னைப் பெற்றவர் எனக்காக அவரிடம் மன்னிப்புக் கேட்டார். அவரும் பெருந்தன்மையாகத் தலையாட்டினார்.

கொஞ்ச நாளில் மாற்றல் கேட்டு வாங்கிக்கொண்டு கடலூருக்குப் போனோம். அங்கே யாருக்கும் எங்களைத் தெரியாது. புது ஆபீசில் வேலை பார்க்கிற ஒருவர் வீட்டுக்கு என் கணவர் என்னைக் கூட்டிப்போனார். பட்டுச் சேலை கட்டிக்கொள்ளச் சொன்னார். உள்ளே நுழைந்ததும் சத்தமாக, "என் சம்சாரம். எஸ்எஸ்எல்சி வரைக்கும் படிச்சவங்க" என்றார்.

அந்த நாளிலிருந்து அவர் கற்றுக்கொண்டது அவ்வளவுதான்.

"அஞ்சாவதுங்க" என்று நான் சொன்னேன்.

அவர் சிரித்து மழுப்பினார். அடுத்த வீட்டிலும் அதையே சொன்னார். நானும் அதையே சொன்னேன். இன்னும் சில வீடுகள். பிறகு என்னை எங்கேயும் கூட்டிப் போவதை நிறுத்திவிட்டார். பிள்ளைகள் பிறந்தார்கள், படித்தார்கள், அவரும் பதவி உயர்ந்தார், பல ஊர் மாறினோம். எந்த ஊரிலும் அவருடைய ஆபீசில் யாருக்கும் என் முகம் தெரியாது.