ஏழு வருஷம் கன்னட மீடியம்

நான் ஏழாவது வரைக்கும் இங்கிலீஷ் மீடியத்தில் படித்தவள். இது ஆபீசில் தெரிந்தால் என் வேலை போய்விடும். அதனால்தான் யார் பெயரையும் போடாமல் எழுதுகிறேன்.

லிங்கராஜபுரத்தில் எங்கள் தெருவுக்குப் பின்னால் ஒரு மாடி வீட்டில் நடந்த பள்ளிக்கூடம் அது. போர்டு இங்கிலீஷில், பாட்டு இங்கிலீஷில், தமிழில் ஒரு வார்த்தை பேசினால் முட்டியில் அடி. கோலார் தங்கவயல் சுரங்கத்தில் ஆட்குறைப்பு வந்த பிறகு இங்கே வந்து வாட்ச்மேன் வேலை பார்த்த அப்பாவுக்கு, நான் டை கட்டிக்கொண்டு போவதைப் பார்ப்பதில் அப்படியொரு பெருமை. வருஷத்தில் ஒரு நாள் மட்டும் டீச்சர்கள் அரக்கப்பரக்க பீரோவைத் திறந்து எல்லோருக்கும் கன்னடப் புத்தகம் கொடுப்பார்கள். பாச்சா உருண்டை வாசனை குப்பென்று வரும். இன்ஸ்பெக்ஷனுக்கு ஆபீசர் வந்து போகிற வரைக்கும் அதை விரித்து வைத்துக்கொண்டு வாயைத் திறக்காமல் உட்கார வேண்டும். அவர் படியிறங்கியதும் புத்தகங்கள் மறுபடி பீரோவுக்குள் போய்விடும். ஏன் என்று நாங்களும் கேட்கவில்லை, அப்பாவும் கேட்கவில்லை.

பக்கத்து வீட்டில் என் வயசில் ஒருத்தி இருந்தாள். அவளும் தமிழ்தான். அவளை ஒன்றாவதிலிருந்தே அரசு கன்னடப் பள்ளியில் போட்டிருந்தார்கள். "உங்க ஸ்கூல்ல டை கூட இல்லயாடி?" என்று அவளிடம் நான் அலட்டிய அலட்டல் இருக்கிறதே, இப்போது நினைத்தால் என் வாயிலேயே நாலு போடலாம் போலிருக்கிறது.

என் பள்ளி ஏழாவதோடு முடிந்தது. எட்டாவதுக்கு வேறு இங்கிலீஷ் பள்ளியில் சேர்க்க அப்பாவால் முடியவில்லை. அவள் போன அரசு உயர்நிலைப் பள்ளிக்கே நானும் போனேன், முழுக்கக் கன்னட மீடியம். எனக்குக் கன்னடம் பேச வரும், ஒரு பத்தி படிக்க வராது. முதல் வாரமே அழுதேன். "ஏய், அழாதடி. இன்னைக்கு அஞ்சு எழுத்து, நாளைக்கு அஞ்சு எழுத்து, அவ்ளோதான்" என்று என் நோட்டை இழுத்து வைத்துக்கொண்டு சொல்லிக் கொடுத்தாள். பத்தாவதில் நான் தேறியது அவளால்தான்.

டிகிரி முடித்து இரண்டு பேரும் அரசாங்க குமாஸ்தா வேலைக்கு விண்ணப்பம் போட்டோம். ஒன்றாவதிலிருந்து பத்தாவது வரை கன்னட மீடியத்தில் படித்தவர்களுக்குத் தனி ஒதுக்கீடு உண்டு. அது அவளுக்கு, எனக்கில்லை என்றுதான் இருந்தேன். டி.சி. நகல் வாங்கப் பழைய மாடி வீட்டுப் பள்ளிக்குப் போனபோது, அங்கிருந்த கிளார்க் ரெஜிஸ்டரைப் பார்த்துவிட்டு, கேட்காமலே இன்னொரு சான்றிதழையும் எழுதி நீட்டினார். ஒன்று முதல் ஏழு வரை கன்னட மீடியம்.

"எங்களுக்கு பர்மிஷனே கன்னட மீடியத்துக்குத்தாம்மா. பேப்பர்ல நீங்க எல்லாரும் கன்னடந்தான்" என்றார். பீரோப் புத்தகங்களின் சங்கதி அன்றைக்குத்தான் எனக்கு விளங்கியது.

அப்பா அந்தக் காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அப்போ கால் கடுக்க நின்னு நான் ஃபீஸ் கட்டுனது எதுக்கு? பன்னாடப் பசங்க!" என்று கத்தினார். கொஞ்ச நேரம் கழித்து அவரே, "வெச்சிக்கோ. அவங்கதான் நம்மள ஏமாத்துனாங்க, நாம யாரையும் ஏமாத்தல" என்றார். அந்த நியாயம் எனக்கும் வசதியாக இருந்தது. மூன்று வருஷம் நிஜம், ஏழு வருஷம் காகிதம். விண்ணப்பத்தில் டிக் அடித்தேன். அவளிடம் மட்டும் சொல்லவில்லை.

அந்த ஒதுக்கீட்டில் கடைசி இடம் எனக்குக் கிடைத்தது. காத்திருப்போர் பட்டியலில் முதல் பெயர் அவளுடையது. அவள்தான் ஓடி வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். என் பெயருக்கு எதிரே என்ன ஒதுக்கீடு என்று போட்டிருந்ததே, பார்த்தாளா, பார்க்கவில்லையா? கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

இப்போது அவள் என் ஆபீசிலேயே கான்ட்ராக்டில் டைப் அடிக்கிறாள். கன்னடத்தில் நான் நாலு வரி எழுதினால் இன்றைக்கும் இரண்டு தப்பு வரும். அவள்தான் சத்தமில்லாமல் திருத்திக் கையெழுத்துக்கு வைக்கிறாள். நாலு பேர் எதிரில் என்னை "மேடம்" என்பாள். ஐயோ, காதைப் பொத்திக்கொள்ளலாம் போலிருக்கும். வேலையை விட்டுவிடலாம் என்றால், சுரங்கத் தூசியில் நெஞ்சு போன அப்பா என் சம்பளத்தில்தான் மூச்சு விடுகிறார். விட்டாலும் என் இடம் அவளுக்கு வராது, அந்தப் பட்டியல் எப்போதோ காலாவதியாகிவிட்டது. பரீட்சை எழுதும் வயசையும் அவள் தாண்டிவிட்டாள். நன்றாக மாட்டிக்கொண்டேன், வேறென்ன சொல்ல?

போன வாரம் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் என் மேஜைக்கு வந்தாள். மகளை ஒன்றாவதில் சேர்க்கும் விண்ணப்பம் கையில் இருந்தது. டிபன் டப்பாவை நகர்த்திவிட்டு அதை என் எதிரில் வைத்தாள். சுற்றிலும் யாரும் இல்லை.

"மீடியம்னு ஒரு கட்டம் இருக்குது பாரு. எதுல போட்டா நாளைக்கு இவளுக்கு வேலை கெடைக்கும்? நீயே எழுதிடு."

எச்சில் கையைக் கழுவிக்கொண்டு வந்து, "கன்னடமே போடுடி" என்று பேனாவை எடுத்தேன்.

அவள் என் முகத்தையே பார்த்தாள். துளி கோபம் இல்லை, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

"பேப்பர்லயா, நிஜமாவா?" என்று கேட்டாள்.