ஆலமரத்தில் தொங்கிய மூட்டை

எங்கள் தெருமுனையில் நிற்கும் ஆலமரம் நான் நட்டது. சாலையை அகலப்படுத்தத் திருமழிசைப் பக்கம் ஒரு பெரிய ஆலமரத்தை வெட்டிக்கொண்டிருந்தார்கள். கம்பெனி விட்டு வந்த நான் கைப் பருமனில் ஒரு கிளைத் துண்டை, நடுவதற்கான போத்தை, கேட்டு வாங்கினேன். கரையான்சாவடியில் பஸ் மாறும்போது கண்டக்டர் முறைத்தார். நானும் முறைத்தேன். வெட்டுவாயில் சாணியை அப்பி, மழைக்கு முன்னால் சேக்காட்டில் எங்கள் தெரு முடிகிற புறம்போக்கில் ஊன்றினேன். ஆலுக்கு விதை தேடி அலைய வேண்டாம், போத்து போதும். ஆனால் முதல் கோடையைத் தாண்டுவதற்குள் நமக்குத்தான் நாக்குத் தள்ளிவிடும். குடிதண்ணீர் பில்டர் வெளியே தள்ளுகிற தண்ணீரைக் குடத்தில் பிடித்து நாள் தவறாமல் ஊற்றினேன்.

"பெத்த புள்ளைக்குக்கூட நீ இவ்ளோ பண்ணல," என்றாள் என் மனைவி. "வேலில போற ஓணானப் புடிச்சி வேட்டில உட்டுக்கினு, அப்பால கொடையுதுன்னு என்னான்ட வராத."

மரம் மாடி உயரம் வளர்ந்தபோது எதிரே அடுக்குமாடிக் குடியிருப்பும் வளர்ந்து நின்றது. குடைச்சல் அங்கிருந்து வந்தது.

பின்தெருவில் ஓர் அக்கா ஒற்றைப் பசுமாடு வைத்திருந்தார். அது கன்று போட்டதும், நஞ்சுக்கொடியை வைக்கோலோடு சாக்கில் திணித்து என் மரத்தில் கட்டிவிட்டுப் போனார். ஆல் இலையைக் கிள்ளினால் பால் வடியும். அந்த மரத்தில் கட்டினால் மாட்டுக்கும் பால் நன்றாகச் சுரக்கும் என்பது இங்கே உள்ள நம்பிக்கை. சுரக்கட்டும், யார் வேண்டாமென்றார்கள்? இரண்டு நாளில் நாற்றம் குடலைப் பிடுங்கியது. காக்கைகள் அதைக் கொத்திக்கொண்டு போய் அடுக்குமாடி பால்கனிகளில் போட்டன.

குடியிருப்பின் செயலாளர் என் வீட்டு வாசலுக்கே வந்தார். "சார், மரம் இருக்கறதாலதானே கட்டறாங்க? ஞாயித்துக்கிழமை வெட்ட ஆள் வருது. அனுமதி வாங்கியாச்சு. உங்ககிட்ட சொல்லிடலாம்னு வந்தேன்."

எனக்குக் கோபம் பொங்கியது. அவரிடம் கத்திப் பயனில்லை என்று அக்கா வீட்டுக்குப் போய்க் கத்தினேன். "அந்த மூட்டைய மொதல்ல எறக்கு. உன்னால என் மரம் போவப் போவுது."

அக்கா பால் கறந்துகொண்டிருந்தார். கை நிற்கவில்லை. "எறக்குனா இதுக்குப் பால் நின்னுடும், நைனா. வேற ஆலமரம் எங்க கீது சொல்லு, நானே எடுத்துனு போய்க் கட்டறேன்."

நான் யோசித்துப் பார்த்தேன். சுற்றுவட்டாரத்தில் ஒன்று கூட நினைவுக்கு வரவில்லை. அந்த எரிச்சலில் இன்னும் இரண்டு வார்த்தை அதிகமாகத் திட்டிவிட்டு வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை மெஷின் ரம்பத்தோடு ஆள் வந்தார். நான் மரத்தை ஒட்டி நின்றேன். அவர் என்னைக் கண்டுகொள்ளாமல் மேலே பார்த்தார்.

"இன்னா சார், கன்னு போட்ட மூட்டை தொங்கினு கீது," என்றார் செயலாளரிடம். "என் ஊட்லயும் மாடு கீது. நான் கை வெக்க மாட்டேன். அது தானா உழட்டும், அப்பால கூப்டு."

செயலாளர் வாட்ச்மேனை அவிழ்க்கச் சொன்னார். வாட்ச்மேன் வாசல் கேட் பக்கம் நகர்ந்துவிட்டார். கடைசியில் செயலாளரே ஒரு கம்பை எடுத்துக்கொண்டு கிட்டே போய், மூக்கைப் பொத்திக்கொண்டு திரும்பினார். விழட்டும் என்று எல்லாரும் கலைந்தார்கள்.

அன்றிலிருந்து எனக்கு அந்த மூட்டைதான் உயிர். எந்த வாயால் திட்டினேனோ அதே வாயால், இன்றைக்கு விழாதே என்று கெஞ்சினேன். மழை பிடித்தது. கயிறு புரிபுரியாக விட்டது. காலையில் நான் நிமிர்ந்து பார்ப்பேன், செயலாளர் பால்கனியிலிருந்து குனிந்து பார்ப்பார். இரண்டு பேர் கண்ணும் ஒரே கயிற்றில்தான் இருக்கும்.

ஒரு சாயங்காலம் பெருமழையில் அது விழுந்துவிட்டது. என் காதில் விழும்படியே அவர் போனில் பேசினார்: "நாளைக்குக் காலையில வந்துடுங்க."

நான் நனைந்துகொண்டே அக்கா வீட்டுக்கு ஓடினேன். "அக்கா, இங்க யார் மாடாவது இப்ப கன்னு போட்டுக் கீதா? உன்து மறுபடி எப்ப போடும்?"

அவர் கதவோரம் உட்கார்ந்திருந்தார். கொட்டகையில் முளைக்குச்சி மட்டும் இருந்தது. "வித்துட்டேன், நைனா. கன்னையும் சேத்துத்தான். தெருவுல மாடு கட்டக் கூடாதுன்னு அடுக்குமாடிக்காரங்க தெனமும் வந்து நின்னாங்க. எத்தினி பேரான்ட மல்லுக்கட்டறது?"

எனக்கு அழுகை முட்டியது. மாட்டுக்கா மரத்துக்கா என்று தெரியவில்லை. மூட்டை விழுந்ததையும், அது இல்லாததால் விடிந்தால் வெட்டப்போவதையும் சொன்னேன். அக்கா எழுந்து போய், மிச்சமிருந்த வைக்கோலையெல்லாம் ஒரு சாக்கில் அழுத்தித் திணித்து, தாம்புக் கயிற்றால் வாயைக் கட்டினார்.

"உள்ள இன்னா கீதுன்னு வெட்ட வர்ற ஆளு மோந்தா பாக்கப் போறான்? ஏறு."

வழுக்கிற மரத்தில் மூட்டையோடு ஏறினேன். கைக்கு எட்டிய முதல் கிளையிலேயே கட்டப் போனேன்.

"அங்க வேணாம்," என்றார் அக்கா கீழே இருந்து. "இன்னும் மேல போ. நாய் இழுத்துத் தின்னுச்சின்னா மாட்டுக்கு ஆவாது."

கயிற்றைப் பிடித்தபடி குனிந்து பார்த்தேன். மழையில் நனைந்துகொண்டு, மூட்டையை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றார். இன்னும் ஒரு கிளை மேலே ஏறிக் கட்டினேன்.