கடல் முடித்துவைத்த வழக்கு

தேசிங்கு அண்ணாத்த போய்விட்டார் என்று கருங்குழியிலிருந்து அவர் மகள் விஜயா போன் செய்தபோது, நான் புதுப்பட்டினத்துக் கடையில் நைலான் கயிறு எடை போட்டுக்கொண்டிருந்தேன். "காலைல எழுப்பினேன் சித்தப்பா, எழுந்திருக்கல" என்றாள். கொஞ்சம் தயங்கி, "கோர்ட்லேர்ந்து ஏதாச்சும் வந்துச்சான்னு நேத்துகூட கேட்டாரு" என்றாள். கேஸ் முடிந்து ஒரு மழைக்காலமே போய்விட்டது. வர வேண்டியது எதுவும் இல்லை.

கடற்கரை வரிசையில் கடை வைத்திருக்கும் நமக்கெல்லாம் அவரைத் தெரியும். வலை, கயிறு, மிதவை விற்றவர். எனக்குப் பக்கத்துக் கடை, அதே சரக்கு. என் படியேறின ஆளைக்கூட, "நைனா, அங்க இன்னாத்துக்கு? இங்க வா, கயித்த இஸ்துப் பாத்துட்டு டப்பு குடு" என்று கூப்பிட்டுவிடுவார். அதற்காக நான் அவரோடு பேசாமல் இருந்த மாதங்கள் உண்டு.

நம் வரிசை முழுக்கப் புறம்போக்கு, காலி செய்யுங்கள் என்று நோட்டீஸ் வந்தது. ஒருவர் கேஸ் போட்டால் போதும், தீர்ப்பு எல்லோருக்கும் உதவும் என்று கூடிப் பேசினோம். அவர் பத்திரம்தான் பழையது. அவரையே முன்னால் நிறுத்தினோம். செங்கல்பட்டு கோர்ட்டில் இடைக்காலத் தடையும் கிடைத்தது. பழைய கடைதான் கடலுக்குக் கிட்டே இருக்கும் என்பதை, லாபநஷ்டம் பார்த்தே பிழைக்கிற நாம் ஒருவரும் யோசிக்கவில்லை.

வாய்தா மேல் வாய்தா போனது. அதற்குள் கடல் உள்ளே வந்தது. முதலில் சரக்கு அறை, ஒரு புயல் மழையில் கடையே போயிற்று. பெரிய சத்தம்கூட இல்லை. கடையை ஒட்டியிருந்த உறைகிணறு மட்டும் போகவில்லை. சுற்றியிருந்த மண் கரைந்ததும், சிமெண்ட் உறைகள் ஒன்றன்மேல் ஒன்றாக அலைக்குள் ஆளுயரத்துக்கு நின்றன. அலை அடித்தால் உள்ளேயிருந்து யாரோ தொண்டையைச் செருமுகிற மாதிரி சத்தம் வரும்.

இடத்தை அளந்து அறிக்கை கொடுக்க, கோர்ட் ஓர் இளம் வக்கீலை கமிஷனராக அனுப்பியது. "சொத்து எங்கங்க?" என்றார் அவர். அண்ணாத்த வேட்டியை மடித்துக் கட்டித் தண்ணீரில் இறங்கினார். ஓரிடத்தில் தலையைக் குனிந்தார். கடையின் தாழ்ந்த வாசல் அங்கேதான் இருந்தது. பிறகு வலதுபுறமாக ஒதுங்கி நடந்தார், இடதுபக்கம் தராசு மேசை என்பதால். "இதான் சார் கல்லா. டேப்பக் குடுங்க."

டேப்பைப் பிடித்துக்கொண்டு நானும் போனேன். அந்த இடம் வந்ததும் என் கழுத்து தானாகக் குனிந்தது. உச்சந்தலையில் ஏதோ உரசியது. கமிஷனர் கரையை விட்டு நகரவில்லை. "போதுங்க, வந்துடுங்க" என்று மட்டும் சொன்னார்.

நீதிபதி அறிக்கையைப் படித்தார். சொத்தே இல்லாதபோது தீர்மானிக்க ஒன்றுமில்லை, வழக்கு முடித்துவைக்கப்படுகிறது என்றார். அண்ணாத்த கைகூப்பி, "ஐயா, கடை போனது போகட்டும். அந்த நோட்டீசு செல்லுமா செல்லாதா, அத்த மட்டும் சொல்லிட்டா போதும்" என்றார்.

"இல்லாத கடைக்கு எப்படிப் பெரியவரே சொல்றது?" நீதிபதி அன்பாகத்தான் கேட்டார். அடுத்த கேஸைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

வெளியே டீ குடிக்கும்போது, "வுடு அண்ணாத்த, தோக்கலியே" என்றேன்.

"ஜெயிக்கவும் இல்லடா. கடல் இன்னா ஜட்ஜா? எட்த்துகினு போச்சு, காரணம் சொல்லல." கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, "அந்தத் தீர்ப்பு ஒனக்குத்தான்டா வேணும். எனக்கு இனிமே இன்னாத்துக்கு?" என்றார்.

அதன் பிறகு மகள் வீட்டோடு போய்விட்டார். சாவுக்குப் போயிருந்தபோது விஜயா சொன்னாள்: "எங்க வூட்டு வாசக்கா எவ்ளோ ஒசரம் பாருங்க சித்தப்பா. அப்பா குனிஞ்சிதான் வருவாரு. வந்ததும் வலதுபக்கமா ஒதுங்குவாரு. இடதுபக்கம் ஒண்ணும் கெடயாது." அவள் பிள்ளைகள் கூடத்தில் ஓடிக்கொண்டிருந்தன. அந்த வெற்றிடத்தைச் சுற்றிக்கொண்டுதான் ஓடின.

அவர் கேஸ் முடிந்ததால் தடையும் போனது, இப்போது எனக்குப் புது நோட்டீஸ் வந்திருக்கிறது. எடுத்துக்காட்டத் தீர்ப்பு எதுவும் கையில் இல்லை. அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது அந்தக் கேள்வியைத்தான். "கடை இருந்தாலும் போனாலும், நோட்டீஸ் செல்லுமா செல்லாதா என்று சொல்ல வேண்டும்" என்று மனுவில் சேர்க்கச் சொன்னேன். வக்கீல் சிரித்தார். "உங்க கடைதான் நல்லா இருக்கே?"

இருக்கிறது. அடுத்த மாதம் வாய்தா. இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே பின்சுவருக்கு அந்தப் பக்கம் மணல் சரிகிறது.